வெட்டிய வரி

“தம்பி, டீம் ஒண்ணு சொல்லுது, பொண்ணு ஒண்ணு சொல்லுது. நாம எதுக்கு நடுவுல?” என்றார் பத்திரிகையில் எங்கள் ஆசிரியர், அண்ணன். செய்தியிலிருந்து அந்த வரியை எடுத்துவிட்டேன். அரை நிமிடம்கூட ஆகியிருக்காது.

2015 மார்ச் 21. அமெரிக்கக் கால்பந்து வீரர் சக் பெட்னாரிக் 89 வயதில் இறந்த செய்தி. சிறிது காலம் நோயுற்றிருந்து காலமானார் என்றது அவர் ஆடிய பிலடெல்பியா ஈகிள்ஸ் அணி. மகளோ, அப்பாவுக்குப் பல வருடமாக மறதிநோய், ஆட்டத்தில் பட்ட அடிகளுக்கும் அதில் பங்கு உண்டு என்றார். நான் வெட்டியது மகளின் வரியை.

பக்கத்தில் இடமில்லை என்பது பொய்யல்ல. அன்றுதான் கிரிக்கெட் உலகக் கோப்பைக் காலிறுதியில் நியூசிலாந்தின் கப்டில் 237 அடித்திருந்தார். அமெரிக்கக் கால்பந்தில் பந்து பெரும்பாலும் கையில்தான் இருக்கும் என்று நம் வாசகருக்குச் சொல்லவே இரண்டு வரி போய்விடும். கிடைத்ததோ பதினோரு வரி.

ஆனால் அதே பதினோரு வரிக்குள் ‘கான்கிரீட் சார்லி’ என்ற பட்டப்பெயருக்காக அரை மணி நேரம் மல்லுக்கு நின்றவனும் நான்தான். உடம்பு கான்கிரீட் மாதிரி இருந்ததால் வந்த பெயர் என்று டைப் ஆகியிருந்தது. இல்லை, சீசன் முடிந்ததும் மனிதர் நிஜமாகவே கான்கிரீட் விற்கப் போவார், அதனால் வந்தது என்று திருத்தவைத்தேன். 1949 முதல் 1962 வரை ஆடியவர். அந்தக் காலத்து வீரர்களில் பலருக்கு ஆட்டச் சம்பளத்தில் மட்டும் வருடத்தை ஓட்ட முடியாது. 14 சீசனில் மூன்றே மூன்று ஆட்டங்களைத்தான் தவறவிட்டார். 1960 இறுதியாட்டத்தில், 35 வயதில், தாக்குதலிலும் தடுப்பிலுமாக 58 நிமிடம் களத்தில் நின்றார். அதற்கும் முன்னால், போர்க்காலத்தில், குண்டுவீச்சு விமானத்தில் 30 முறை பறந்து உயிரோடு திரும்பியவர். இப்படிப்பட்ட ஆளுக்கு ‘இரும்பு மனிதர்’ என்று தலைப்பு வைப்பது எவ்வளவு சுலபம்! வைத்தேன்.

படமும் போட்டோம். எல்லோரும் போடும் அதே படம்: 1960 நவம்பர் 20, யாங்கி ஸ்டேடியம். பெட்னாரிக் மோதியதில் நியூயார்க் ஜயண்ட்ஸ் அணியின் ஃப்ராங்க் கிஃபோர்டு நினைவிழந்து மல்லாந்து கிடக்கிறார். மேலே முஷ்டியை ஆட்டியபடி பெட்னாரிக். பந்து தங்கள் பக்கம் வந்துவிட்ட சந்தோஷம்தான் அது, விழுந்தவரைப் பார்த்துக் கொக்கரிக்கவில்லை என்று பின்னால் அவர் சொன்னதுண்டு. கீழே கிடந்தவர் 1961 முழுவதும் ஆடவில்லை என்று கேப்ஷனில் சேர்த்தேன். நின்றவருக்கு என்ன ஆயிற்று என்று எழுதத்தான் கையில் ஒரு வரி இருந்தது.

மகள் மருத்துவர் இல்லையே, துக்கத்தில் சொல்வதை அச்சில் ஏற்றலாமா என்று அண்ணனுக்குப் பதிலாக நானே வாதாடிப் பார்க்கிறேன். சரிதான். அணி நிர்வாகம் மட்டும் மருத்துவரா? அவர்கள் சொன்னதை யாரிடமும் கேட்காமல் போட்டேனே. ‘காலமானார்’ என்று மட்டும் எழுதியிருந்தாலே இடம் மிச்சமாகியிருக்கும். இது அன்றைக்கு எனக்குத் தோன்றவில்லை. பட்டப்பெயரைச் சரிசெய்த பெருமையில் இருந்தேனோ என்னவோ.

ஆகஸ்டில் கிஃபோர்டும் போனார். நவம்பரில் அவர் குடும்பம் அறிவித்தது: மூளையைப் பரிசோதித்ததில் சி.டி.இ. இருந்திருக்கிறது. தலையில் திரும்பத் திரும்ப அடிபடுவதால் வரும் சிதைவு அது. இறந்த பிறகு மூளையை வெட்டிப் பார்த்தால்தான் உறுதியாகத் தெரியும்.

இந்த முறை அண்ணன் பக்கத்தில் இரண்டு பத்தி அகலத்துக்கு இடம் கொடுத்தார். “அந்தப் படம் இருக்குல்ல, எடு” என்றார். எடுத்தேன். இடமும் இருந்தது, நேரமும் இருந்தது. நிற்பவர் பெட்னாரிக், மார்ச்சில் காலமானவர் என்று கேப்ஷன் எழுதினேன். மகள் சொன்னதை அப்போதும் சேர்க்கவில்லை. இது கிஃபோர்டு பற்றிய செய்தி என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். அண்ணன் எதுவும் கேட்கவில்லை.