செங்காந்தளுக்கு மண் பதப்படுத்திய கதை

வீட்டின் பின்புறம் பத்தடிக்கு ஆறடி இடத்தில் செங்காந்தளும் சங்குப்பூவும் வளர்க்க எண்ணியபோது, செடிகளைவிட மண்ணைப் பற்றியே அதிகம் யோசிக்க வேண்டியிருந்தது. இவை ஒருமுறை வேர்பிடித்தால் பல ஆண்டுகள் அங்கேயே நிலைப்பவை என்பதால், பின்னர் ஆழமாகக் கொத்தித் திருத்த வாய்ப்பில்லை.

முதல் எதிரி கோரை. சித்திரை வெயிலில் ஈரமண்ணின்மேல் நிறமற்ற பாலித்தீன் தாளை 6 வாரம் விரித்து வைத்தால் களை விதைகள் பல வெந்துபோகும். கோரைக் கிழங்கு மட்டும் அதற்கு எளிதில் அசையாது. ஒரு முழ ஆழம் கொத்தி, கையால்தான் பொறுக்கினேன். கூடவே, வீடு கட்டியபோது புதைந்த காரைத் துண்டுகளும் கிடைத்தன. அவற்றிலுள்ள சுண்ணாம்பு மண்ணின் காரத்தன்மையைக் கூட்டும் என்பதால், ஒன்றுவிடாமல் அகற்றினேன்.

அடுத்தது வடிகால். ஓரடிக் குழியில் ஊற்றிய நீர் மறுநாள் காலையிலும் தேங்கி நின்றது. இப்படிப்பட்ட இடத்தில் காந்தள் கிழங்கு அழுகிவிடும். ஆகவே செம்மண்ணும் மணலும் கலந்து பாத்தியை அரையடி உயர்த்தினேன். தொழுவுரம் ஒரு கூடையோடு சரி. உரம் மிகுந்தால் தழைதான் கொழுக்கும்.

ஆடியில் கிழங்கை நட்டேன். கலப்பை போல் வளைந்திருப்பதால்தான் அதற்குக் கலப்பைக் கிழங்கு என்றும் பெயர். அதன் நுனி முளை எளிதில் ஒடியும். செடி முழுவதும் கொல்கிசின் என்னும் நஞ்சு இருப்பதால், நட்டபின் கையை நன்கு கழுவிவிட்டு, பாத்தியைச் சுற்றி வேலியும் கட்டினேன்.