சூர்யாவோட அப்பா, தனுஷோட அப்பா

போன வாரம் டிவியில் தனுஷ் நடித்த 'கர்ணன்' ஓடிக்கொண்டிருந்தது. சின்ன வெங்காயம் உரித்துக்கொண்டே பார்த்த அம்மா, அதில் தனுஷுக்கு அப்பாவாக வருபவரைக் காட்டி, "இவரு சூர்யாவோட அப்பாதானே?" என்றாள். சிவகுமார் எங்கே இதில் வந்தார் என்று ஒரு நிமிஷம் முழித்தேன். அவள் சொன்னது 'சூரரைப் போற்று' அப்பாவை. சரிதான், இரண்டும் ஒரே ஆள். பேர் மட்டும் அவளுக்குத் தெரியவில்லை.

பூ ராமு. அந்தப் 'பூ' 2008-ல் சசி எடுத்த 'பூ' படத்திலிருந்து ஒட்டிக்கொண்டது. அதில் பேனாக்காரர் என்று ஒரு அப்பா. அப்புறம் 'நீர்ப்பறவை', 'தங்க மீன்கள்', எல்லாவற்றிலும் அப்பாதான். சினிமாவுக்கு முன்பே அவர் வீதி நாடகக்காரர், தமுஎகச (தமிழ்நாடு முற்போக்கு எழுத்தாளர் கலைஞர்கள் சங்கம்) ஆள். வீதி நாடகம் பார்த்தவர்களுக்குத் தெரியும், தெருமுனையில் சுற்றிலும் கூட்டம் நிற்கும், மைக் கிடையாது, பஸ் ஹாரனுக்கு மேலே தொண்டை போக வேண்டும். அப்படிப் பழகிய ஆள் கேமரா முன்னால் கத்தித் தீர்ப்பார் என்றுதானே நினைப்போம்? இவர் குரலை அப்படியே உள்ளே இழுத்துக்கொண்டார்.

'பரியேறும் பெருமாள்' (2018) பிரின்ஸிபால் ரூம் காட்சியை நான் எத்தனை தடவை பார்த்தேன் என்று கணக்கில்லை. அவமானப்பட்டு வந்து நிற்கிறான் பரியன். பிரின்ஸிபாலாக வரும் இவர் தன் கதையைச் சொல்கிறார், செருப்பு தைத்தவர் மகன், விரட்டினவர்களே இன்று வந்து கும்பிடுகிறார்கள், நீ படி என்று. வேறு யார் செய்திருந்தாலும் அது மேடைப் பேச்சாகப் போயிருக்கும். இவரிடம் ஆறுதல் சொல்கிற தொனியே இல்லை, உனக்கு வேறு வழி கிடையாதுடா என்கிற அலுப்புதான் இருக்கிறது, அதனால்தான் நம்ப முடிகிறது. (அந்தப் படத்தில் அப்பாவாக வந்தவர் நெல்லை தங்கராஜ், கூத்துக் கலைஞர். அவரைப் பற்றித் தனியாகத்தான் எழுத வேண்டும்.)

'சூரரைப் போற்று' படத்தில் மனு எழுதியே ஊருக்கு நல்லது நடந்துவிடும் என்று நம்புகிற வாத்தியார். சாகக் கிடக்கும் அப்பாவைப் பார்க்கப் போக, டிக்கெட் காசுக்காக ஏர்போர்ட்டில் சூர்யா கையேந்தும் இடத்தில் இவர் திரையிலேயே இல்லை. ஆனால் அதற்கு முன்னால் வந்த கொஞ்ச நேரத்தில் இவர் அந்த மனுஷனாக இருந்துவிட்டுப் போயிருந்ததால்தான் நமக்கு அங்கே தொண்டை அடைக்கிறது. நட்சத்திரத்துக்குக் கிடைக்கும் கைதட்டலில் பாதி இப்படிப்பட்டவர்கள் சம்பாதித்துக் கொடுத்தது, இதை யாரும் போஸ்டரில் போடுவதில்லை.

படத்தையே தோளில் தூக்கும் வேஷம் 2019-ல் 'நெடுநல்வாடை'யில் கிடைத்தது. கருவாத்தேவர் என்ற கிழவர். நான் தியேட்டரில் பார்க்கவில்லை, அந்த வருத்தம் இன்னும் உண்டு.

2022 ஜூன் 27-ல் மாரடைப்பில் போய்விட்டார். மலையாள டைரக்டர் லிஜோ ஜோஸ் பெல்லிசேரியின் 'நண்பகல் நேரத்து மயக்கம்' அடுத்த ஜனவரியில்தான் தியேட்டருக்கு வந்தது. அதில் மம்மூட்டி திடீரென்று ஒரு தமிழ்க் கிராமத்து வீட்டுக்குள் நுழைந்து, நான்தான் உங்கள் சுந்தரம் என்பார். காணாமல் போன அந்த சுந்தரத்தின் அப்பா இவர்.

இதையெல்லாம் சொன்னதும் அம்மா உரித்த வெங்காயத்தை ஒதுக்கி வைத்துவிட்டு, "அப்போ மம்மூட்டிக்கும் இவருதான் அப்பாவா?" என்று கேட்டாள்.