ஃபர்பிடன் டெசர்ட்: டம்ளரும் புளியங்கொட்டையும்

ஃபர்பிடன் டெசர்ட் என்ற பலகை ஆட்டத்துக்குச் சொந்தமாக வீட்டு விதி போட நினைப்பவர்களுக்கு முடிவை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். மணலை மாற்றினால் ஆட்டம் நீளும் அல்லது சுருங்கும், அவ்வளவுதான். தண்ணீரை மாற்றினால்தான் ஆட்டமே மாறும். போன மழைக்காலத்திலிருந்து, கேரளத்தின் பாலக்காட்டுப் பக்கம் கொழிஞ்சாம்பாறையில் எங்கள் வீட்டில் ஞாயிறு மாலைகளில் இதை மாற்றி மாற்றி ஆடிப் பார்க்கிறோம். ஆட வருகிறவர்கள் அத்தை, பொள்ளாச்சியிலிருந்து வரும் மச்சான், எட்டாவது படிக்கும் தங்கை மகன், பாலக்காட்டுச் சித்தூரிலிருந்து வரும் மலையாளி நண்பர் ஒருவர், நான். எல்லா வாரமும் எல்லோரும் சேர்வதில்லை. பெரும்பாலும் நான்கு பேர்.

ஆடாதவர்களுக்காகச் சுருக்கமாக: மேட் லீகாக் வடிவமைத்து 2013இல் கேம்ரைட் நிறுவனம் வெளியிட்ட ஆட்டம் இது. பேண்டமிக் என்ற ஆட்டமும் அவருடையதுதான். பாலைவனத்தில் விழுந்துவிட்டோம். மணலுக்கடியில் புதைந்த நகரத்தில் ஒரு பழைய பறக்கும் கப்பலின் நான்கு பாகங்கள் கிடக்கின்றன. அவற்றைத் தேடி எடுத்துத் தப்பிக்க வேண்டும். ஐந்துக்கு ஐந்து சதுரத்தில் 24 கட்டங்கள், நடுவில் ஒரு ஓட்டை, அதுதான் புயல். ஒருவர் தன் முறையில் நான்கு செயல்கள் செய்யலாம். முடிந்ததும் புயல் அட்டைகளைத் திருப்ப வேண்டும். காற்று அட்டை வந்தால் கட்டங்கள் ஓட்டைக்குள் நகரும், நகர்ந்த ஒவ்வொன்றின் மேலும் ஒரு மணல் வில்லை விழும். வெயில் அட்டை வந்தால் ஆளுக்கு ஒரு அளவு தண்ணீர் குறையும். மொத்தம் 48 வில்லைகள், அவை தீர்ந்தால் தோல்வி. புயலின் அளவு உச்சத்தைத் தொட்டாலும் தோல்வி. யாராவது ஒருவர் தாகத்தில் செத்தாலும் எல்லோருக்கும் தோல்வி.

முதலில் கைவைத்தது மணலில்தான். 48 வில்லைகளை 40 ஆக்கினோம். வேறு எந்த வித்தியாசமும் இல்லை, சீக்கிரம் தோற்றோம். இதைப் பற்றிச் சொல்ல வேறெதுவும் இல்லை.

அடுத்தது காற்று. இது தங்கை மகனின் யோசனை. எங்கள் ஊர் பாலக்காட்டுக் கணவாயின் வாயில் இருக்கிறது. மேற்குத் தொடர்ச்சி மலையில் சுமார் 30 கிலோமீட்டர் அகலத்துக்கு விழுந்த இடைவெளி அது. தென்மேற்குப் பருவத்தில் மேல்காற்று, மார்கழியில் கீழ்காற்று. பனைமரங்களைக் கேட்டால் தெரியும். "ஏனுங் மாமா, நம்மூருல காத்து எல்லாப் பக்கமிருந்துமா அடிக்குது? இதுல மட்டும் ஏன் நாலு பக்கமும் சமமா அடிக்கோணும்?" என்றான். கேள்வி நியாயமானது. காற்று அட்டைகள் 24. திசைக்கு ஆறு: ஒரு கட்டம் நகர்த்துபவை மூன்று, இரண்டு கட்டம் இரண்டு, மூன்று கட்டம் ஒன்று. புயலை மேற்கே தள்ளும் ஒரு கட்ட அட்டைகள் மூன்றையும் எடுத்து வைத்துவிட்டு ஆடினோம்.

கடினமாகும் என்று எல்லோரும் எதிர்பார்த்தோம். ஆனால் மணல் குறைந்தது. காரணம் கொஞ்ச நேரம் ஆடினாலே தெரிகிறது. புயல் கிழக்கே போய் ஓரத்தில் ஒட்டிக்கொள்கிறது. அதன்பின் கிழக்கே தள்ளும் அட்டை வந்தால் நகர்த்தக் கட்டமே இல்லை, எனவே மணலும் விழாது. அந்தக் காற்று வீணாகிவிடுகிறது. ஆனாலும் நாங்கள் ஜெயித்துக்கொண்டே இருக்கவில்லை, மணலுக்குப் பதில் தாகத்தில் செத்தோம். மச்சான்தான் பேப்பரில் கணக்குப் போட்டுக் காட்டினார். புயல் அட்டைக் கட்டில் மொத்தம் 31 அட்டைகள், அதில் வெயில் கொளுத்தும் அட்டை 4. மூன்று காற்று அட்டைகளை எடுத்துவிட்டால் 28இல் 4. அதாவது ஏழுக்கு ஒன்று வெயில். காற்றைத்தான் மாற்றினோம், மாறியது தண்ணீர்.

அந்தக் கணக்கையே கொஞ்சம் நீட்டிப் பார்ப்போம். கட்டு தீர்ந்தால் திரும்பக் கலைத்து அடுக்க வேண்டும், வெயில் அட்டைகளும் திரும்ப வரும். புயல் அளவு 4 ஆக இருந்தால் ஒரு முறைக்கு நான்கு அட்டைகள், எட்டு முறைகளில் கட்டு காலி. நால்வர் ஆடினால் ஆளுக்கு இரண்டே முறை. அதற்குள் சுரங்கத்திலோ சூரியக் கேடயத்தின் கீழோ ஒதுங்காத ஒவ்வொருவரும் நான்கு அளவு தண்ணீரை இழக்கிறார்கள். ஆட்டத்தில் ஆளுக்கொரு கதாபாத்திரம் உண்டு. அவர்களில் தொல்லியலாளரும் மலையேறியும் கொள்வது 3 அளவுதான். நீர்சுமப்பவர் மட்டும் 5. இந்த மூன்றும் ஐந்தும்தான் ஆட்டத்தின் உயிர் என்று எனக்குப் படுகிறது. யாரிடம் எவ்வளவு இருக்கிறது, யார் யாருக்குக் கொடுப்பது என்ற பேச்சு இங்கேதான் தொடங்குகிறது.

அந்தப் பேச்சுதான் எங்களுக்குச் சிக்கலாகவும் இருந்தது. கூட்டாக ஆடும் ஆட்டங்கள் எல்லாவற்றிலும் உள்ள நோய் இது. கணக்குத் தெரிந்த ஒருவர் எல்லோருடைய முறையையும் தானே ஆடிவிடுவார். எங்கள் வீட்டில் அது மச்சான். "அத்தை, நீங்க ரெண்டு கட்டம் வடக்க போங்க, தோண்டுங்க, அவனுக்கு ஒண்ணு குடுங்க." அத்தை காயை நகர்த்துவார், அவ்வளவுதான் அவருடைய ஆட்டம். பேசக்கூடாது என்று விதி போட்டுப் பார்த்தோம். மச்சான் புருவத்தாலேயே உத்தரவு போட்டார். மணற்கடிகாரம் வைத்து நேரத்தைச் சுருக்கினால் இன்னும் மோசம், அவசரத்தில் எல்லோரும் அவர் முகத்தையே பார்த்தார்கள்.

வழி கிடைத்தது தண்ணீர் அளவை மறைத்ததில். ஆளுக்கொரு எவர்சில்வர் டம்ளர், உள்ளே தண்ணீர் அளவுக்குப் புளியங்கொட்டைகள். டம்ளருக்குள் அடுத்தவர் எட்டிப் பார்க்கக் கூடாது, எண்ணைச் சொல்லவும் கூடாது. "தாகமா இருக்கு", "இப்போதைக்குப் போதும்", "தரமுடியும்" என்கிற மாதிரி பேசிக்கொள்ளலாம். வெயில் அட்டை வந்தால் அவரவர் ஒரு கொட்டையைத் தாமே வெளியே போட வேண்டும். காலி டம்ளரோடு வெயிலைச் சந்தித்தால் கதை முடிந்தது.

வெளியே விழும் கொட்டைகளை எண்ணிக்கொண்டே இருந்தால் பிடித்துவிடலாம் என்பீர்கள். உண்மைதான். அதனால் ஒரே கட்டத்தில் நிற்பவர்கள் தண்ணீரை மாற்றிக்கொள்ளும்போது மூடிய கையில் கொடுக்க வேண்டும் என்று சேர்த்தோம். இரண்டு பரிமாற்றத்துக்குள் மச்சானின் கணக்கு குலைந்துவிடுகிறது. அவரும் மற்றவர்களைப் போலக் கேட்டுத்தான் தெரிந்துகொள்ள வேண்டும்.

எதிர்பாராத ஒன்று இதிலிருந்து முளைத்தது. நம் வீடுகளில் யாரும் "எனக்குத் தாகம்" என்று முதலில் சொல்வதில்லை. அத்தை தொல்லியலாளர். டம்ளரில் ஒன்றே ஒன்று. பக்கத்தில் நின்ற பையன் தரட்டுமா என்று கேட்டான். "எனக்குப் போதுங் கண்ணு, நீ வெச்சுக்க" என்றார். அடுத்த முறைக்குள் இரண்டு வெயில் அட்டைகள் வந்தன. கப்பலின் மூன்று பாகங்கள் கையில் இருந்தபோது எல்லோரும் தோற்றோம். பையனுக்கு அழுகையே வந்துவிட்டது. "கேட்டேன்ல பாட்டி!" அத்தைக்கோ, போதும் என்று சொன்னதில் என்ன தப்பு என்றே புரியவில்லை. சாப்பாட்டுப் பந்தியில் போதும் என்றால் இன்னொரு கரண்டி வைப்பார்கள், இங்கே வைக்கமாட்டார்கள், அவ்வளவுதான் வித்தியாசம்! மலையாளி நண்பர் "மதி" (அதாவது போதும்) என்று சொன்னால் மட்டும் எல்லோரும் அப்படியே நம்பிவிடுகிறார்கள். இது ஏன் என்று யாருக்கும் தெரியாது. எப்படியோ, இந்த விதி எங்களிடம் தங்கிவிட்டது. தோற்றாலும் அத்தை இப்போது ஆடுகிறார்.

தண்ணீரை எல்லோருக்கும் பொதுவாக ஒரே சொம்பில் வைத்தால் என்ன என்றும் பார்த்தோம். சுத்தமாகச் சப்பென்று போய்விட்டது. யாருக்கும் யாரிடமும் போய்ச் சேர வேண்டிய அவசியம் இல்லை. நீர்சுமப்பவர் என்ற கதாபாத்திரமே வீண். நேர் எதிராக, ஒரு அளவு தண்ணீர் கொடுப்பதற்கு ஒரு செயல் செலவாகும் என்று வைத்தபோது மூச்சு முட்டியது, மலையேறி மூலையில் செத்துப்போவது வழக்கமானது. ஒருவர் செத்தாலும் மற்றவர்கள் தொடரலாம் என்று வைத்தும் ஒருதரம் ஆடிப் பார்த்தோம். பையன் முதலில் செத்துவிட்டு மீதி நேரம் முழுக்க செல்போனைப் பார்த்துக்கொண்டிருந்தான். அந்த விதி அன்றே போயிற்று.

இப்போது கிணறுகள். நீர்த்துளிக் குறியுள்ள கட்டங்கள் மூன்று, அதில் இரண்டு நிஜக் கிணறு, ஒன்று கானல். மூல விதிப்படி கிணற்றைத் தோண்டும் கணத்தில் அந்தக் கட்டத்தில் நிற்கும் எல்லோருக்கும் ஆளுக்கு 2 தண்ணீர். அதன்பின் அங்கிருந்து எடுக்கக்கூடியவர் நீர்சுமப்பவர் மட்டுமே. அவர் ஆட்டத்தில் இல்லையென்றால் கிணறு தோண்டிய அன்றே வற்றியதற்குச் சமம். அதனால் எல்லோரும் கிணற்று மேட்டில் கூடும்வரை தோண்டாமல் காத்திருப்பதே புத்திசாலித்தனமாகிவிடுகிறது. எனக்கு இது பிடிக்கவே இல்லை. தண்ணீருக்கு மேல் நின்றுகொண்டு ஆள் வரட்டும் என்று யார் காத்திருப்பார்கள்?

எங்கள் பக்கம் தண்ணீர் முறை வைத்து வருவது. 1970இன் பரம்பிக்குளம் ஆழியாறு ஒப்பந்தப்படி மணக்கடவில் ஆண்டுக்கு 7.25 டிஎம்சி தண்ணீரைத் தமிழ்நாடு கேரளத்துக்கு விட வேண்டும். அது சித்தூர்ப்புழை வழியாக மூலத்தரா வந்து வாய்க்கால்களில் பிரிகிறது. கோடையில் டீக்கடைப் பேச்சில் பாதி அந்தக் கணக்காகவே இருக்கும். பொள்ளாச்சிக்காரர் மச்சானையும் சித்தூர்க்கார நண்பரையும் ஒரே மேசையில் உட்காரவைத்துத் தண்ணீர் ஆட்டம் ஆடுவதில் எனக்குள் ஒரு குறும்பு உண்டு என்பதையும் மறைக்கவில்லை.

எங்கள் கிணற்று விதி இதுதான்: தோண்டியதும் யாருக்கும் இலவசத் தண்ணீர் இல்லை. கட்டத்தின் மேல் 6 புளியங்கொட்டைகள் வைக்க வேண்டும். அங்கே நிற்பவர் ஒரு செயல் செலவழித்து ஒன்று எடுக்கலாம், நீர்சுமப்பவர் ஒரு செயலில் இரண்டு. ஒரு முறையில் ஒருவர் இரண்டு கொட்டைகளுக்கு மேல் எடுக்கக் கூடாது. கட்டத்தில் ஒரு மணல் வில்லை இருந்தாலும் கிணறு மூடியதாகக் கணக்கு, அதைத் தள்ளிய பிறகே எடுக்கலாம். நால்வர் ஆட்டத்தில் மூல விதிப்படி எல்லோரும் கூடி நின்றால் இரண்டு கிணற்றில் மொத்தம் 16 கிடைக்கும். எங்கள் விதியில் 12தான், அதுவும் உழைத்து எடுக்க வேண்டும். ஆனால் யாரும் யாருக்காகவும் காத்திருக்க வேண்டாம். ஆட்டத்தின் வடிவமே மாறிவிட்டது. முன்பு கூட்டமாக நகர்ந்தவர்கள் இப்போது பிரிந்து போகிறார்கள். ஒருவர் கிணற்றடியில் மணல் தள்ளிக்கொண்டே இருக்க வேண்டியிருக்கிறது. அந்த வேலைக்கு ஒரு செயலில் இரண்டு வில்லை தள்ளும் தொல்லியலாளரைவிடப் பொருத்தமானவர் இல்லை. அவருடைய டம்ளர்தான் சிறியது, எனவே கிணற்றடி அவருக்கும் வசதி. மச்சானும் நண்பரும் கடைசி இரண்டு கொட்டைக்கு வாதாடியதைப் பார்த்து, வெற்றிலை மடித்துக்கொண்டிருந்த மாமா எழுந்து உள்ளே போய்விட்டார்.

ஒரு எச்சரிக்கை. டம்ளர் விதியையும் கிணற்று விதியையும் முதல் நாளே சேர்த்து ஆடாதீர்கள். புதியவர்களுக்கு மூல விதியே போதுமான சித்திரவதை. வானிலைக்காரர் இருக்கும் ஆட்டத்தில் இரண்டும் கொஞ்சம் இளகிவிடுகின்றன, வெயில் அட்டையை முன்கூட்டியே பார்த்து அடியில் தள்ளிவிடுகிறார். நாங்கள் அவரைப் பெட்டியிலேயே விட்டுவிட்டு மற்ற ஐவரில் சீட்டுக் குலுக்கிக்கொள்கிறோம்.

பாக்கியிருப்பது ஆள் எண்ணிக்கை. இரண்டு பேர் ஆடினால் 6 கொட்டை அதிகம்; மூல விதியில் இருவருக்கும் சேர்த்து ஒரு கிணற்றில் 4தானே. எனவே ஆட்களின் எண்ணிக்கையோடு 2 கூட்டிக்கொள்வது என்று வைத்திருக்கிறோம்: இருவருக்கு 4, மூவருக்கு 5, நால்வருக்கு 6. ஐவருக்கு 7 போதுமா என்பதில் சந்தேகம். மூல விதியில் ஐவர் கூடினால் ஒரு கிணற்றில் 10 வரும். 7 என்பது பெரிய வெட்டு. விடுமுறைக்கு எல்லோரும் வரும்போது 8 வைத்துத் தொடங்கப்போகிறோம்.