படகு ஒரு பக்கமாகச் சாய்ந்தது

"அதோ, கென்னடி வீடு" என்று ஒலிபெருக்கி சொன்னதும் படகில் இருந்த அத்தனை பேரும் கைப்பேசியோடு வலப்பக்கம் ஓடினோம். படகு லேசாகச் சாய்ந்தது.

அமெரிக்காவின் மாசசூசெட்ஸ் மாநிலத்தில் உள்ள கேப் காட் தீபகற்பம், ஹயானிஸ் போர்ட் ஊர். அரண்மனையை எதிர்பார்த்தால் ஏமாற்றம்தான். பெரிய வெள்ளை வீடு, முன்னால் புல்வெளி, அதற்கப்பால் கடல்.

அமெரிக்க அதிபராக இருந்த ஜான் கென்னடியின் தந்தை ஜோசப் கென்னடி 1928இல் வாங்கியது. 1960 அதிபர் தேர்தல் முடிவுக்காக ஜான் காத்திருந்ததும் இந்தக் குடும்ப வளாகத்தில்தான். எல்லோரும் படமெடுத்தது அந்தக் கதையை.

எனக்கோ அந்த வராந்தாவை விட்டுக் கண் நகரவில்லை.

மகன் அதிபராகப் பதவியேற்ற அதே 1961இன் டிசம்பரில், பக்கவாதம் தந்தையின் பேச்சைப் பறித்துக்கொண்டது. பிள்ளைகளை அதிகாரத்தை நோக்கி விரட்டிய மனிதர் அவர். (எனக்கு அவர்மேல் பெரிய பிரியம் எல்லாம் இல்லை.)

1963இல் ஜான். 1968இல் இன்னொரு மகன் ராபர்ட். இருவரும் சுட்டுக் கொல்லப்பட்டார்கள். இரண்டு செய்திகளும் காதில் விழுந்தன. வாய்விட்டு அழக்கூட அவருக்குச் சொல் இல்லை. மறு ஆண்டு இதே வீட்டில் போய்ச் சேர்ந்தார். மனைவி ரோஸ் 104 வயதுவரை வாழ்ந்து, 1995இல் இங்கேயே கண் மூடினார்.

இந்தத் தீபகற்பத்தின் கிழக்குக் கரையை 1961இல் தேசியக் கடற்கரையாக்கும் சட்டத்தில் கையெழுத்திட்டவர் ஜான். நேற்று அங்கேதான் என் மகள் கிளிஞ்சல் தேடிக்கொண்டிருந்தாள்.

"படத்தில் வீடு நன்றாக விழுந்திருக்கிறதா அப்பா?"

பார்த்தேன். ஏழு படங்கள். ஏழிலும் அலைதான்.