அழ வைக்காத ஆவணப்படம்

நோயாளிகளைப் பற்றி ஆவணப்படம் என்றாலே பின்னணியில் வயலினை அழ விடுகிறார்கள். எனக்கு அலுத்துவிட்டது. நேற்று மறுபடியும் ‘தி ஹவுஸ் இஸ் பிளாக்’ பார்த்தேன். ஈரானியக் கவிஞர் ஃபுரூக் ஃபரோக்சாத் 1962இல் தப்ரீஸ் அருகே ஒரு தொழுநோயாளர் குடியிருப்பில் எடுத்த கருப்பு வெள்ளைப் படம். இருபது நிமிடம் சொச்சம்தான்.

அதில் வகுப்பறைக் காட்சி ஒன்று. அசிங்கமான சில பொருட்களைச் சொல்லு என்கிறார் வாத்தியார். கை, கால், தலை என்கிறான் பையன். உடனே வகுப்பே சிரிக்கிறது! அந்தச் சிரிப்பை வெட்டாமல் விட்டாரே, அதுதான் இயக்குநர். அங்கே விளையாடுகிறார்கள், தலை வாரிக்கொள்கிறார்கள், கல்யாணம்கூட நடக்கிறது. நடுவில் ஓர் ஆண் குரல் மருத்துவர் மாதிரி வறட்சியாக, இது குணப்படுத்தக்கூடிய நோய் என்று சொல்லிவிட்டுப் போகிறது. அப்புறம், அங்கிருந்த தம்பதியின் மகனை ஃபுரூக் தத்தெடுத்துக்கொண்டார்.

நம் ஊரில் இந்த நோய்க்குப் பல மருந்துகளைச் சேர்த்துத் தரும் கூட்டு மருந்து சிகிச்சை எண்பதுகளிலேயே வந்துவிட்டது, மாத்திரையும் இலவசம். ஆனால் தொழுநோயைக் காரணம் காட்டி விவாகரத்து கேட்கலாம் என்று சட்டத்தில் இருந்ததை நீக்க 2019 வரை ஆனது. யூடியூபில் தேடினால் படம் கிடைக்கும், பாருங்கள்.