வெட்டிய தயக்கம்

ஒரு அடல்ட் படத்தை எடிட் செய்தபோது, அதில் நடித்த பெண் தயங்கிய இடத்தை வெட்டினேன். அதை வெட்டியது சரிதான் என்று இன்றும் நினைக்கிறேன். அப்படியும் மனது ஆறவில்லை.

கதையும் வசனமும் வைத்து எடுக்கும் அடல்ட் படமாக இருந்தால் இந்தச் சிக்கலே வந்திருக்காது. நடிப்பவர் தயங்கினால் கட் சொல்லிப் பேசிவிட்டு மறுபடி எடுப்பார்கள். அமெரிக்காவில் அடல்ட் படத்துறையின் மையமான, லாஸ் ஏஞ்சல்ஸின் சான் ஃபெர்னாண்டோ பள்ளத்தாக்கில் 1980-களின் கடைசியில் கான்ஸோ பாணி வந்தது. இயக்குநரே கேமராவைத் தூக்கிக்கொண்டு, கேள்வி கேட்டபடியே படமெடுத்தார். 90-களில் சின்ன டிஜிட்டல் கேமராக்கள் வந்ததும் செட்டும் ஸ்கிரிப்டும் வீண்செலவாகத் தெரிந்தன. அப்புறம் தடுமாற்றமே விலைபோகும் சரக்காகிவிட்டது.

அந்தப் பாணியில் எடுத்து, நான் எடிட் செய்த ஃபுட்டேஜில், பேட்டியின் நடுவே அந்தப் பெண் பேச்சை நிறுத்துகிறார். கேமராவைத் தாண்டி யாரையோ பார்க்கிறார். "கொஞ்சம் இருங்க" என்கிறார். அந்த இடத்தை எடுத்துவிட்டேன்.

"படத்துலயே நிஜமா இருக்கிறது அது ஒண்ணுதான். அதைப் போய் தூக்கிட்டியே?" என்றார் இயக்குநர். எல்லாத் தாளிலும் கையெழுத்து இருக்கிறது என்றார். இருந்தது. ஆனால் அமெரிக்கச் சட்டப்பிரிவு 2257-க்காக நாங்கள் பத்திரப்படுத்தும் ஆவணங்கள் வயதையும் அடையாளத்தையும்தான் காட்டும். அந்த நிமிடத்தில் அந்தப் பெண்ணின் மனதில் என்ன இருந்தது என்பதற்கு எந்த ஃபைலும் கிடையாது.

அந்தப் பெண்ணிடமே கேட்டேன். "அது நடிப்புங்க. அதுக்குத்தான் என்னைக் கூப்பிடுறாங்க. நீங்க ஏன் வெட்டினீங்க?" என்றார். குரலில் கோபம் இருந்தது.

திரும்பச் சேர்த்தேன். அவருடைய உழைப்பு, அவருடைய முடிவு. அதை மதிக்காமல் அவரைக் காப்பாற்றுவதாக நினைக்க எனக்கு என்ன உரிமை? ஆனால் அடுத்த படத்துக்கு அவரைக் கூப்பிட வேண்டியவரும் அதே இயக்குநர்தான். வேலை வேண்டும் என்கிறவர் வேறு என்ன பதில் சொல்வார்? நிஜமாகவே நல்ல நடிகையாகவும் இருக்கலாம். ஃபுட்டேஜை எத்தனை முறை ஓட்டிப் பார்த்தாலும் இரண்டும் ஒரே மாதிரிதான் தெரிகிறது.

'அமெச்சூர்' என்று விற்ற ஒரு தளத்தின் மேல் 22 பெண்கள் தொடுத்த வழக்கில், 2020 ஜனவரியில் சான் டியாகோ நீதிமன்றம் 1.27 கோடி டாலருக்கு மேல் இழப்பீடு கொடுத்தது. வீடியோ இணையத்தில் வராது என்று சொல்லி அவர்களை ஏமாற்றியிருந்தார்கள். அங்கேயும் கையெழுத்து இருந்தது.

இப்போதெல்லாம் வெட்டாத ஃபுட்டேஜ் முழுவதையும் பார்த்த பிறகுதான் வேலைக்கு ஒத்துக்கொள்கிறேன். சில இயக்குநர்கள் தருவதில்லை.