எழுத்துக் கூட்டிப் பேசிய மாதங்கள்

"அக்கா, ஏன் எழுத்துக் கூட்டிப் படிக்கிற மாதிரி பேசுற?" என்று தம்பி போனில் கேட்டான்.

அன்று காலை எழுந்ததிலிருந்தே தலை சுற்றிக்கொண்டிருந்தது. வலது கையில் பிடித்த டம்ளர் ஒருமுறை நழுவியது. ஆனால் பேச்சு மாறியிருப்பது எனக்குத் தெரியவே இல்லை. நானும் அவனும் சின்ன வயதிலிருந்தே ஒருவர் பேச்சில் ஒருவர் குறுக்கே விழுந்து பேசியே பழகியவர்கள். அன்று நான் ஒரு வாக்கியத்தை முடிக்கும்வரை அவன் வாயே திறக்கவில்லை. அதற்குப் பிறகுதான் அந்தக் கேள்வி.

அவசரப் பிரிவில் பணியில் இருந்த மருத்துவர் என் கணவரைத் தனியே அழைத்து, "குடிச்சிருக்காங்களா? தூக்க மாத்திரை ஏதாவது போட்டாங்களா?" என்று தாழ்ந்த குரலில் கேட்டார். என் காதில் நன்றாகவே விழுந்தது. அந்தக் கேள்வியில் தவறில்லை என்று இப்போது சொல்வேன். மதுவும் சில தூக்க மருந்துகளும் சிறுமூளையைத் தாக்குவதால்தான் நாக்கு குழறுகிறது, நடை தள்ளாடுகிறது. "இல்லை" என்று பதில் வந்த பிறகு, அப்படியானால் சிறுமூளைக்கு வேறு என்ன ஆகியிருக்கும் என்று யோசித்திருக்க வேண்டும். அது நடக்கவில்லை. சி.டி. ஸ்கேனில் ஒன்றுமில்லை, காதுக் கோளாறுதான் என்று வாந்திக்கு ஊசி போட்டு அனுப்பிவிட்டார்கள்.

மறுநாள் வேறு மருத்துவமனையில் எம்.ஆர்.ஐ. எடுத்தார்கள். வலது சிறுமூளையின் மேல்பகுதிக்குப் போகும் ரத்தக்குழாய் அடைபட்டிருந்தது. பக்கவாதம். பின்மண்டையில் சிறுமூளை இருக்கும் இடத்தைச் சுற்றித் தடித்த எலும்பு இருப்பதால், ஆரம்ப மணி நேரங்களில் சி.டி.யில் இது தெரியாமல் போவது உண்டு. வாய் கோணுவது, கை தளர்வது மட்டும்தான் பக்கவாதம் என்று நாங்களும் நினைத்திருந்தோம். திடீரென்று நிலை தடுமாறுவதும், பார்வை இரண்டாகத் தெரிவதும்கூட அதன் அறிகுறிகள்தான். இதைப் படிக்கிறவர்கள் வேறு எதை மறந்தாலும் இதை மறக்க வேண்டாம். அந்த ஒரு நாளை நினைத்தால் எனக்கு இன்னும் வயிற்றைப் பிசைகிறது. சிறுமூளை வீங்கினால் பக்கத்தில் இருக்கும் மூளைத்தண்டை நெருக்கிவிடும் என்பதால் சில நாள் தீவிர சிகிச்சைப் பிரிவில் வைத்துப் பார்த்தார்கள். நல்லவேளையாக வீக்கம் பெரிதாகவில்லை.

வார்டுக்கு மாற்றிய பிறகு, தம்பி கையைப் பிடித்துக்கொண்டு நடந்து பழகினேன். ஓரிடத்தில் தனியாக நிற்கலாம் என்று தோன்றியது. "விடு" என்றேன். அவன் இன்னும் இறுக்கிப் பிடித்துக்கொண்டு, "வீட்டுக்கு நாளைக்குப் போயிடலாம்க்கா, கொஞ்சம் பொறு" என்றான். மறுபடி சொன்னேன். மறுபடியும் சமாதானம் செய்தான். நான் அழுததைப் பார்த்து, வீட்டு ஏக்கம் என்று அவன் கண்ணும் கலங்கியது.

இதற்கு விடை ஸ்பீச் தெரபிஸ்ட் வந்த அன்றுதான் கிடைத்தது. முதலில் ஒரு தாளைக் கொடுத்து, நேற்று நடந்ததை எழுதச் சொன்னார். எழுத்து பெரிது பெரிதாக, கோணலாக வந்தது. ஆனால் வாக்கியத்தில் பிழை இல்லை. "பாருங்க, மொழி உங்ககிட்ட முழுசா இருக்கு" என்றார். பெருமூளையின் மொழிப்பகுதி அடிபட்டுச் சொல்லே கிடைக்காமல் தவிப்பது அஃபேசியா. என்னுடையது டிசார்த்ரியா. சொல் இருக்கிறது, அதை வாய்க்குக் கொண்டுவரும் தசைகளின் ஒழுங்கு குலைந்திருக்கிறது. அதிலும் சிறுமூளையால் வருவதற்கு அடாக்சிக் டிசார்த்ரியா என்று பெயர்.

பிறகு ஒரே மூச்சில் "ஆ" சொல்லச் சொன்னார். குரல் அலை அலையாக ஏறி இறங்கியது. "பபபப" தனியாக ஓரளவு வந்தது. "பதக, பதக" என்று மாற்றி மாற்றிச் சொல்லும்போது மூன்றாவது சுற்றிலேயே எல்லாம் சிதறியது. ஒருமுறை வேகம், ஒருமுறை இழுவை, ஒருமுறை காற்று மட்டும். பலவீனம் என்றால் ஒரே மாதிரி மந்தமாக வரும், இப்படித் தாறுமாறாக வருவதுதான் சிறுமூளையின் அடையாளம் என்றார். அதைப் பதிவு செய்து போட்டுக் காட்டினார். என் குரலை நான் முதல்முறையாக வெளியிலிருந்து கேட்டது அப்போதுதான். தம்பி கேட்டது சரிதான். ஒவ்வோர் எழுத்தும் தனித்தனியாக, ஒரே கனத்தில், நடுவில் இடைவெளி விட்டு விழுந்துகொண்டிருந்தது.

பள்ளிக்கூடத்தில் மாத்திரைக் கணக்கு படித்திருப்போம். கண் இமைக்கும் நேரம், விரல் நொடிக்கும் நேரம் ஒரு மாத்திரை. குறிலுக்கு ஒன்று, நெடிலுக்கு இரண்டு, மெய்க்கு அரை. அந்த அளவை யாரும் எண்ணிக்கொண்டு பேசுவதில்லை. நமக்காக அதை எண்ணிக்கொண்டிருப்பதில் சிறுமூளைக்குப் பெரிய பங்கு இருக்கிறது. என் சிறுமூளையில் அந்தக் கணக்கு கலைந்துவிட்டது. எல்லா எழுத்துக்கும் ஒரே நீளம் கிடைத்தது. அதனால்தான் "விடு", "வீடு" ஆனது. "படம்" பாடமானது. "குடை" கூடையானது. குறிலும் நெடிலும் பொருளையே மாற்றும் நம் மொழியில் இது சாதாரண இழப்பில்லை.

ஏன் இப்படி என்று தெரபிஸ்ட் சொன்ன விளக்கம்தான் எனக்குத் தெம்பு தந்தது. பேசு என்ற கட்டளை பெருமூளையிலிருந்து போகும்போது அதன் நகல் ஒன்று சிறுமூளைக்கும் போகிறது. மூச்சு, குரல்நாண், அண்ணம், நாக்கு, தாடை, உதடு எல்லாம் எந்த நொடியில் எங்கே இருக்க வேண்டும் என்று அது முன்கூட்டியே கணித்து, ஓடுகிற ஓட்டத்திலேயே திருத்திக்கொண்டிருக்கும். பருமனில் மூளையில் பத்தில் ஒரு பங்குதான் இருக்கும். ஆனால் 2009-ல் வெளியான ஒரு கணக்கெடுப்பின்படி மூளையின் சுமார் 8,600 கோடி நரம்பணுக்களில் 6,900 கோடி அங்கேதான் இருக்கின்றன. முதல் உலகப் போரில் பின்மண்டையில் குண்டடி பட்ட வீரர்களை ஆராய்ந்து கார்டன் ஹோம்ஸ் என்ற நரம்பியல் மருத்துவர் 1917-ல் எழுதியதிலிருந்துதான் இதில் பலதும் துலங்கியது. அவருடைய நோயாளி ஒருவர், இடது கை தானாக வேலை செய்கிறது, வலது கையின் ஒவ்வோர் அசைவையும் யோசித்துச் செய்ய வேண்டியிருக்கிறது என்று சொன்னாராம். அதைக் கேட்டதும் என்னைப் பற்றி யாரோ அப்போதே சொல்லிவைத்ததுபோல் இருந்தது. எனக்கு நாக்கும் அப்படித்தான் ஆகியிருந்தது.

இதைச் சரிசெய்ய மருந்து இல்லை. அடைப்பு மறுபடி வராமலிருக்கத்தான் மருந்து. பேச்சுக்குப் பயிற்சி ஒன்றே வழி. முதல் வேலை வேகத்தைக் குறைப்பது. வலது கை விரலால் தொடையில் தட்டி அதற்கேற்பப் பேசச் சொன்னார். தாளம் சீராக வரவே இல்லை. வலது சிறுமூளை உடம்பின் வலது பக்கத்தைத்தான் ஆள்கிறது, அந்தக் கையின் கணக்கும் போய்விட்டது என்று புரிந்து இடது கைக்கு மாறினோம். அதிலும் எழுத்துக்கு ஒரு தட்டு என்று போனால் பேச்சு இன்னும் துண்டு துண்டாகும். அதனால் ஒரு மூச்சுக்கு அடங்கும் மூன்று நான்கு சொற்களுக்கு ஒரு தட்டு என்று வைத்துக்கொண்டோம். செய்தித்தாளில் மூச்சு எடுக்க வேண்டிய இடங்களில் பென்சிலால் கோடு போட்டு வாசித்தேன்.

அடுத்து அழுத்தம். "நேத்தா வந்தாங்க?" என்று அவர் கேட்பார். "இல்ல, இன்னிக்கு வந்தாங்க" என்று "இன்னிக்கு" மட்டும் எழும்பும்படி நான் சொல்ல வேண்டும். கேட்கச் சின்ன விஷயம். எனக்கு அது மூன்று வாரம் பிடித்தது. கோபம், கேலி, செல்லம் எல்லாம் அந்த ஏற்ற இறக்கத்தில்தான் இருக்கின்றன. அது இல்லாத நாட்களில் நான் சொன்ன எதுவும் நான் சொன்னதுபோல் இல்லை.

வெளியாட்களிடம் பேச ஓர் அட்டை தயாரித்தோம். சொல்லின் முதல் எழுத்தை விரலால் காட்டிக்கொண்டே பேசினால் கேட்பவர் ஊகித்துக்கொள்வார். 247 எழுத்தும் போட்டால் தேடவே நேரம் போகும். பன்னிரண்டு உயிரும் பதினெட்டு மெய்யும் மட்டும் பெரிதாக எழுதினோம். "கதவு" என்றால் "க்" மேல் விரல். அதற்கே புரிதல் எவ்வளவோ கூடியது. எழுத்தைத் தேடும்போது பேச்சும் தானாக நிதானப்பட்டது.

கேட்பவர்களிடம் சொல்ல ஒன்று உண்டு. புரியாமல் தலையாட்டாதீர்கள், எங்களுக்கு அது உடனே தெரிந்துவிடும். "என்ன?" என்று மொட்டையாகக் கேட்டால் முழு வாக்கியத்தையும் மறுபடி இழுக்க வேண்டும். "வங்கிக்கு அப்புறம் என்ன சொன்னீங்க?" என்று கேட்டால் ஒரு சொல்லோடு முடிந்துவிடும். சத்தமாகப் பேச வேண்டியதில்லை, எங்களுக்குக் காது கேட்கிறது. குழந்தையிடம் பேசுவதுபோல் பேசவே வேண்டாம்.

எட்டு மாதமாகிறது. காலையில் பேசினால் புதியவர்களுக்கு வித்தியாசம் தெரியாது. சாயங்காலம் களைப்பு வந்ததும் குறில்கள் நீள ஆரம்பிக்கும். ஒரே நேரத்தில் நடப்பதும் பேசுவதும் இன்னும் கஷ்டம். நின்றுதான் பதில் சொல்கிறேன். "பதக" தினமும் பத்து நிமிடம் உண்டு.

இத்தனை மாதமும் தம்பி போனில் நான் முடிக்கும்வரை காத்திருப்பான். அந்தப் பொறுமை எவ்வளவு அன்பானது என்று எனக்குத் தெரியும், ஆனாலும் ஒவ்வொரு முறையும் மனசு கனக்கும். போன வாரம் பழைய சண்டை ஒன்றைப் பற்றிப் பேச்சு வந்தது. "அன்னிக்கு நான் சொன்னதுதான்..." என்று ஆரம்பித்தேன். "அய்யோ அக்கா, நீ அப்படிச் சொல்லவே இல்ல!" என்று பாதியிலேயே குறுக்கே விழுந்தான். நான் விடவில்லை. இரண்டு பேரும் சேர்ந்தே கத்திக்கொண்டிருந்தோம்.